கேடயம் முன்னே, அணி பின்னே: கிரேக்கக் கவசக் காலாட்படை உருவான வரலாறு

கிரேக்க நகர அரசுகளின் போர்முறை பற்றிப் பாடநூல்கள் சொல்லும் கதை சுருக்கமானது. கி.மு. 7-ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் புதுவகைக் கேடயம் ஒன்று புழக்கத்துக்கு வந்தது. அதை ஏந்தியவனால் தனித்து நின்று போரிட முடியாது என்பதால் தோளோடு தோள் சேர்ந்து நிற்கும் நெருக்க அணி பிறந்தது. அந்த அணியில் நின்ற நடுத்தர உழவர்கள் தம் வலிமையை உணர்ந்தார்கள்; பிரபுக்களின் ஆட்சி சாய்ந்தது. இக்கதைக்கு அரிஸ்டாட்டிலின் துணையும் உண்டு. மன்னராட்சிக்குப் பின் குதிரைவீரர்களின் கையில் இருந்த அதிகாரம், கவசக் காலாட்கள் வலுப்பெற்றபோது மேலும் பலரைச் சென்றடைந்தது என்று அவர் தமது ‘அரசியல்’ நூலில் எழுதுகிறார். 1947-இல் ஆய்வாளர் லாரிமர் இந்த அணியின் தோற்றத்தைப் புதிய ஆயுதங்களோடு இறுக்கிக் கட்டினார். 1956-இல் வரலாற்றாசிரியர் ஆண்ட்ரூஸ் கிரேக்கக் கொடுங்கோலர்களின் எழுச்சியையே இந்தப் படைவீரர்களோடு இணைத்துக் காட்டினார்.

கதை அழகாக இருக்கிறது. ஆனால் சான்றுகளைக் கால வரிசையில் அடுக்கிப் பார்த்தால் அது நிற்பதில்லை. கேடயம் ஏறத்தாழ கி.மு. 700-இல் கிடைத்துவிடுகிறது. கவச வீரர்கள் மட்டுமே நெருங்கி நிற்கும் அணியையோ கி.மு. 5-ஆம் நூற்றாண்டில்தான் ஐயமின்றிக் காண்கிறோம். இடைப்பட்ட இருநூறு ஆண்டுகளில் வில்லாளியும் கல்லெறிபவனும் அடிமையும் அதே களத்தில்தான் இருந்தார்கள். கேடயம் வாங்க வசதி இருந்தவர்களே வரலாற்றையும் எழுதினார்கள் என்பதால் மற்றவர்கள் நம் கண்ணில் படாமல் போனார்கள். இதை நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் கேடயம். அஸ்பிஸ் எனப்பட்ட இது வட்ட வடிவமானது, கிண்ணம்போல் உட்குழிந்தது, குறுக்களவு ஏறத்தாழ 90 செ.மீ., எடை ஆறேழு கிலோ. பாப்லர், வில்லோ போன்ற இலேசான மரத்தால் செய்து, விளிம்பிலோ முகப்பு முழுவதுமோ வெண்கலத் தகடு பொதிந்தார்கள். உட்புறத்தின் நடுவே ‘போர்பாக்ஸ்’ என்ற பட்டை. இடக்கையை முழங்கை வரை அதற்குள் நுழைத்து, விளிம்பருகே உள்ள ‘அந்திலபே’ என்ற பிடியை வீரன் பற்றிக்கொள்வான். எடை மணிக்கட்டில் மட்டும் தொங்காமல் முன்கை முழுவதும் பரவும். குழிவான விளிம்பைத் தோள்மேல் சாய்த்துச் சற்று இளைப்பாறவும் முடியும். வலக்கையில் இரண்டு முதல் இரண்டரை மீட்டர் நீள ஈட்டி. அதன் முனை இரும்பு. அடிமுனையிலும் ஒரு கூர் இருக்கும்.

இந்தக் கேடயத்தின் இடப்பாதி வீரனின் உடலைத் தாண்டி நீள்வதால், அது இடப்பக்கத்துத் தோழனைக் காக்கவே பயன்படும். ஆகவே இது அணிக்கென்றே செய்யப்பட்டது என்பது பழைய வாதம். வரலாற்றாய்வாளர் ஹான்ஸ் வான் வீஸ் இதை மறுக்கிறார். ஈட்டி பிடித்தவன் எதிரியை நேர்முகமாகப் பார்த்து நிற்பதில்லை. இடத்தோளை முன்னே நீட்டிப் பக்கவாட்டில் நிற்கிறான். அப்படி நிற்கும்போது அவன் உடல் கேடயத்தின் நடுவுக்கு வந்துவிடுகிறது. தனியாக நின்றாலும் அது அவனுக்கு முழுக் காப்புதான். எனக்கு இந்த மறுப்பு வலுவாகத் தோன்றுகிறது. ஆயுதத்தின் வடிவத்தை மட்டும் பார்த்து அதை ஏந்தியவர்களின் அணிவகுப்பை ஊகித்துவிட முடியாது.

அகழாய்வும் இதே பக்கம்தான் சாய்கிறது. 1953-இல் ஆர்கோஸ் நகரில் போல் கூர்பேன் தோண்டியெடுத்த கல்லறை ஒன்றில் வெண்கல மார்புக் கவசமும் கூம்பு வடிவத் தலைக்கவசமும் கிடைத்தன. காலம் கி.மு. 8-ஆம் நூற்றாண்டின் இறுதி. அணி பிறந்ததாகச் சொல்லப்படும் காலத்துக்கு இரண்டு தலைமுறை முந்தியே ஒரு செல்வர் இவற்றை அணிந்திருக்கிறார். தொல்லியலாளர் ஸ்னோட்கிராஸ் 1965-இல் எழுதிய கட்டுரையில், கவசத்தின் உறுப்புகள் ஒன்றன்பின் ஒன்றாக, வெவ்வேறு காலத்தில், வெவ்வேறு இடத்திலிருந்து வந்து சேர்ந்தவை என்று காட்டினார். ஒரே வீச்சில் நடந்த புரட்சி என்ற கருத்துக்கு விழுந்த முதல் பெரிய அடி அதுதான்.

நெருக்க அணி 7-ஆம் நூற்றாண்டிலேயே இருந்தது என்பவர்கள் கடைசியில் வந்து நிற்பது சீஜி குடுவையிடம். கொரிந்துக் கைவினைஞர் ஒருவர் ஏறத்தாழ கி.மு. 650 – 640-இல் தீட்டிய இக்குடுவை, ரோமுக்கு அருகில் பண்டைய வேய் நகரப் பகுதியில் ஒரு கல்லறையில் கிடைத்தது. இப்போது ரோமின் வில்லா ஜூலியா அருங்காட்சியகத்தில் உள்ளது. கவசமணிந்த இரு அணிகள் எதிரெதிரே நெருங்குகின்றன. இடப்புறப் படையின் வரிசைகளுக்கு நடுவே ஒரு சிறுவன் குழல் ஊதுகிறான். பார்த்தவுடன் வரலாற்றாசிரியர் தூசிடைடிஸ் பின்னாளில் வருணிக்கும் ஸ்பார்ட்டப் படைதான் நினைவுக்கு வரும். ஆனால் ஓவியத்தின் இடக்கோடியில், வீரர்கள் இன்னும் கவசம் பூணும் இடத்தில், இரண்டிரண்டு ஈட்டிகள் தரையில் நாட்டப்பட்டுள்ளன. அவற்றில் எறிவதற்கு விரல் நுழைக்கும் வார் கட்டியிருக்கிறது. ஈட்டியை எறிபவனுக்குக் கையை வீச இடம் வேண்டும். தோளோடு தோள் ஒட்டி நிற்கும் அணியில் அந்த இடம் கிடைக்காது.

அதே நூற்றாண்டில் ஸ்பார்ட்டாவில் பாடிய டிர்டேயஸின் பாடல்களும் இப்படித்தான். ஒருவரையொருவர் பிரியாமல் முன்னணியில் நிற்கச் சொல்லும் அவரே, கேடயங்களின் மறைவில் அங்கங்கே பதுங்கிக் கல்லும் வேலும் எறியச் சொல்லி இலகு ஆயுதக்காரர்களையும் விளிக்கிறார். அவர்கள் தனிப் படைப்பிரிவாக இல்லை. கவச வீரர்களுக்கு நடுவிலேயே கலந்து நிற்கிறார்கள். இதே காலத்தில் எகிப்தில் முதலாம் சாம்மெட்டிக்கஸ் அரியணை ஏற உதவிய அயோனிய, காரிய ‘வெண்கல மனிதர்கள்’ பற்றி ஹெரோடோட்டஸ் சொல்கிறார். கி.மு. 6-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அபு சிம்பெல் சிலையின் காலில் பெயர் பொறித்துச் சென்ற கிரேக்கர்களும் கூலிப்படையினரே. முழுக்கவசம் அணிந்த இவர்கள் சொந்த நகரத்துக்காக நிற்கவில்லை. கவசத்தைக் குடிமையோடு கட்டிப்போடும் கோட்பாட்டுக்கு இவர்கள் பெரிய இடையூறு.

கவசம் யாருக்குக் கட்டுப்படியானது? ஏதென்ஸ் அக்ரோபோலிஸில் கிடைத்த, 6-ஆம் நூற்றாண்டின் இறுதியைச் சேர்ந்த கல்வெட்டு, சாலமிஸ் தீவில் குடியேறியவர்கள் 30 டிராக்மா மதிப்புள்ள ஆயுதங்களைத் தாங்களே வைத்திருக்க வேண்டும் என்கிறது. ஏதெனியச் சட்டமியற்றுநர் சோலோன் வகுத்த வருமானப் பிரிவுகளில் கவசப்படையோடு வழக்கமாக இணைத்துப் பேசப்படுவது ‘ஸூகிட்டாய்’. ஆண்டுக்கு 200 மெடிம்னோய் (தானிய அளவை) விளைச்சல் உள்ளவர்கள். அந்த அளவு விளைய எவ்வளவு நிலம் வேண்டும் என்று கணக்கிட்ட வான் வீஸ், இவர்கள் சிறு உழவர்களாக இருந்திருக்க முடியாது, நல்ல வசதி படைத்தவர்களே என்கிறார். இதை ஏற்றால், நடுத்தர உழவரின் படை என்ற படிமம் 6-ஆம் நூற்றாண்டுக்குப் பொருந்தவில்லை.

பாரசீகப் போர்களுக்கு வருவோம். கி.மு. 490-இல் மாரத்தானில் ஏதென்ஸ் படை நடுவணியை மெலிதாக்கி இரு சிறகுகளையும் வலுவாக்கி நின்றது. எட்டு ஸ்டேட் தூரம், அதாவது ஏறத்தாழ ஒன்றரை கிலோமீட்டர், ஓடிச்சென்று மோதியது என்கிறார் ஹெரோடோட்டஸ். மாண்ட ஏதெனியர் 192 பேர் என்றும் கணக்குத் தருகிறார். அவர் சொல்லாத ஒன்றை அறுநூறு ஆண்டுகளுக்குப் பின் பயணம் வந்த பாசானியஸ் சொல்கிறார்: அந்தச் சமவெளியில் பிளட்டேயர்களுக்கும் அடிமைகளுக்கும் தனியே ஒரு கல்லறை இருந்தது; அடிமைகள் முதன்முதலாகப் போரிட்டது அங்கேதான். கி.மு. 479-இல் பிளட்டேயாவில் ஸ்பார்ட்டக் குடிமக்கள் 5,000 பேர். ஒவ்வொருவருடனும் ஹெலட் எனப்பட்ட பண்ணையடிமைகள் ஏழு பேர், ஆக 35,000 பேர் என்பது ஹெரோடோட்டஸ் தரும் கணக்கு. எண் மிகையாக இருக்கலாம். அத்தனை பேரும் போருக்கு ஆயத்தமாக வந்தவர்கள் என்று அவரே எழுதியும், பிளட்டேயாவைப் பற்றிய பிற்காலப் பேச்சில் அவர்களுக்கு இடமே இல்லை.

பாடநூல்கள் 7-ஆம் நூற்றாண்டில் கொண்டுபோய் வைக்கும் அணியின் மிகத் தெளிவான வருணனை கி.மு. 418-க்கு உரியது. மாண்டினேயாவில் ஸ்பார்ட்டாவும் ஆர்கோஸின் கூட்டணியும் மோதிய போரை எழுதும்போது தூசிடைடிஸ் ஒரு பொதுவிதியைச் சொல்கிறார். முன்னேறும் எந்தப் படையும் வலப்பக்கமாக நகர்ந்துகொண்டே போகும். கேடயம் காக்காத தன் வலப்பக்கத்தை அண்டைவீரனின் கேடயத்துக்குள் ஒடுக்கிக்கொள்ள ஒவ்வொருவனும் முயல்வதே காரணம். வலக்கோடியில் நிற்பவன் எதிரிக்குத் தன் திறந்த பக்கத்தைக் காட்டாதிருக்க ஒதுங்குகிறான். அச்சத்தால் மற்றவர்களும் அவன்பின் ஒதுங்குகிறார்கள். ஆயிரக்கணக்கானோரின் தனித்தனி அச்சம் சேர்ந்து ஒரு படையின் திசையையே மாற்றுவதை இவ்வளவு துல்லியமாக எழுதிய வேறொரு பண்டைய ஆசிரியரை நான் அறியேன்.

அன்று நடந்ததும் இந்த விதியின் விளைவே. தன் இடச்சிறகு சூழப்படும் என்று அஞ்சிய ஸ்பார்ட்டா அரசன் ஏகிஸ், ஸ்கிரிட்டாய் என்ற படைப்பிரிவையும் தளபதி பிராசிடஸின் பழைய வீரர்களையும் இடப்புறம் நகரச் சொன்னான். அதனால் விழுந்த இடைவெளியை நிரப்ப ஹிப்போனோய்டாஸ், அரிஸ்டாக்ளிஸ் என்ற இரு தளபதிகளை வலச்சிறகிலிருந்து வரச் சொன்னான். அவர்கள் வர மறுத்தார்கள். கோழைகள் என்று பின்னர் நாடு கடத்தப்பட்டார்கள். அந்த இடைவெளிக்குள் மாண்டினேயரும் ஆர்கோஸின் தேர்ந்த ஆயிரவரும் புகுந்தார்கள். ஆனால் நடுவணியில் ஏகிஸின் முன்னூற்றுவர் குழலிசைக்கு அடியெடுத்து நிதானமாக நெருங்கியபோது, எதிரே நின்றவர்களில் பெரும்பாலோர் கைகலப்பு வரையில்கூட நிற்கவில்லை. சிலர் ஒருவரையொருவர் மிதித்துக்கொண்டு ஓடினார்கள். போரை முடித்துவைத்தது ஸ்பார்ட்டரின் ஈட்டியைவிட, அவர்கள் கலையாமல் வந்த விதம்.

இங்கே ‘தள்ளல்’ பற்றிய நெடுநாள் வழக்கையும் தொட வேண்டும். கி.மு. 424-இல் டீலியத்தில் தீபர்கள் 25 வரிசை ஆழத்தில் நின்றார்கள். ஏதெனியர் எட்டு வரிசை. கேடயத்தோடு கேடயம் தள்ளினார்கள் என்கிறார் தூசிடைடிஸ். பின்வரிசைகள் முன்வரிசைகளை உடலால் உந்தின என்று பலர் இதை நேர்ப்பொருளில் கொண்டார்கள். 1989-இல் வெளிவந்த தம் நூலில் விக்டர் ஹான்சன் இதற்கு உயிரூட்டினார். 1942-லேயே ஃபிரேசர் இதை ஐயுற்றிருந்தார். அணிகள் நெருக்கி முட்டிக்கொண்ட இடங்களில் தள்ளுமுள்ளு நடந்திருக்கும். அதை ஒவ்வொரு போரின் வழக்கமான கட்டமாக ஆக்குவதற்குச் சான்று போதாது. ஆழ்ந்த அணியின் பயன் வேறு: முன்னால் நிற்பவர்கள் ஓட முடியாது. பீட்டர் கிரென்ட்ஸ் தொகுத்த கணக்கில் வென்றவர்களின் இழப்பு சராசரி 5 விழுக்காடு; தோற்றவர்களின் இழப்பு 14 விழுக்காடு. வேறுபாட்டின் பெரும்பகுதி அணி உடைந்து முதுகு காட்டியபின் நேர்ந்தது என்றே கொள்ள வேண்டும்.

அணியைக் கலையாமல் வைத்திருப்பது பயிற்சியின் வேலை. வியப்பு என்னவென்றால், ஸ்பார்ட்டாவுக்கு வெளியே அந்தப் பயிற்சி கிட்டத்தட்ட இல்லவே இல்லை. நகரம் பொதுச்செலவில் போர்ப்பயிற்சி தருவதில்லை என்று செனோபோன் காட்டும் சாக்ரட்டீஸ் வெளிப்படையாகவே சொல்கிறார். டீலியத்தில் எதிரியைச் சூழ்ந்துகொண்ட ஏதெனியர், குழப்பத்தில் தம்மவரையே அடையாளம் தெரியாமல் கொன்றார்கள். அதே களத்திலிருந்து பின்வாங்கிய வீரர்களில் அந்தச் சாக்ரட்டீஸும் ஒருவர்.

கவச வீரர்கள் மட்டுமே களத்தின் உரிமையாளர்கள் என்ற நிலை நீடிக்கவில்லை. கி.மு. 426-இல் ஏட்டோலிய மலைக்காடுகளில் வேலெறிபவர்களிடம் டெமோஸ்தனிஸ் என்ற ஏதெனியத் தளபதி 120 தேர்ந்த வீரர்களைப் பறிகொடுத்தான். கற்றதை மறுஆண்டே ஸ்ஃபக்டீரியாத் தீவில் பயன்படுத்தினான். அம்பும் கல்லும் வேலும் எட்டத்திலிருந்தே பொழிய, ஸ்பார்ட்டப் படையினர் 292 பேர் உயிரோடு சரணடைந்தார்கள். அவர்களில் ஏறத்தாழ 120 பேர் ஸ்பார்ட்டக் குடிமக்கள். ஸ்பார்ட்டர் சரணடைவார்கள் என்று கிரேக்க உலகில் யாரும் எதிர்பார்த்ததில்லை. கி.மு. 390-இல் கொரிந்தின் துறைமுகமான லெகாயோன் அருகே இஃபிக்ரடீஸின் வேலெறிபடை, ஏறத்தாழ 600 பேர் கொண்ட ஸ்பார்ட்டப் பிரிவைத் துரத்தித் துரத்தி எறிந்து 250 பேரைக் கொன்றது. இவற்றைப் புதுமை என்று வரலாற்றாசிரியர்கள் வியக்கிறார்கள். டிர்டேயஸின் பாடலில் கேடய மறைவில் பதுங்கியிருந்தவர்களை நினைவில் வைத்தால், அவர்கள் இப்போது தனிப் படையாகத் திரட்டப்பட்டார்கள் என்பதே சரி.

கி.மு. 371-இல் லூக்ட்ராவில் தீபர்கள் இடச்சிறகில் ஐம்பது கேடய ஆழத்தில் நின்றார்கள். எதிரே ஸ்பார்ட்டர் பன்னிரண்டு. களத்தில் இருந்த 700 ஸ்பார்ட்டக் குடிமக்களில் 400 பேரும் அரசன் கிளியோம்புரோட்டஸும் மாண்டார்கள். தீபர் அணியை இப்படி வகுத்தவர் அவர்களின் தளபதி எபமினோண்டஸ். ஸ்பார்ட்டாவின் நண்பரான செனோபோன் இப்போரை விரிவாக எழுதியும் அவர் பெயரைச் சொல்லாமல் விட்டார். சில ஆண்டுகளில் தீப்ஸில் பிணையாக இருந்த இளைஞன் பிலிப் மாசிடோனியாவுக்குத் திரும்பி அரசனானான். ஐந்து மீட்டரையும் தாண்டிய ஈட்டி, தோளில் மாட்டும் சிறு கேடயம், ஆண்டு முழுவதும் சம்பளம் வாங்கும் வீரர்கள், உடன் குதிரைப்படை என்று அவன் கட்டிய படை கி.மு. 338-இல் கெய்ரோனியாவில் ஏதென்ஸையும் தீப்ஸையும் முறியடித்தது. அங்குள்ள சிங்கச் சிலையின் கீழ் 19-ஆம் நூற்றாண்டு அகழாய்வில் 254 எலும்புக்கூடுகள் கிடைத்தன. தீப்ஸின் தேர்ந்த வீரர் பிரிவான ‘புனிதப் படை’யினருடையவை என்று பலரும் கருதுகிறார்கள்.

தோல்விக்குப் பிறகுதான் ஏதென்ஸ் விழித்துக்கொண்டது. அரிஸ்டாட்டிலின் பெயரில் வழங்கும் ‘ஏதெனியர் அரசமைப்பு’ விவரிக்கும் ஏற்பாட்டின்படி, பதினெட்டு வயதான குடிமக்கள் இரண்டு ஆண்டு படைப்பணி செய்தார்கள். ஆயுதப் பயிற்சிக்கும் வில்லுக்கும் வேலுக்கும் கவண்பொறிக்கும் அரசே ஆசிரியர்களை நியமித்தது. முதலாண்டு முடிவில் இளைஞர்கள் அரங்கத்தில் மக்கள்முன் அணிவகுத்துக் காட்டிய பின், ஒவ்வொருவனுக்கும் கேடயமும் ஈட்டியும் அரசின் செலவில் வழங்கப்பட்டன. சாலமிஸ் கல்வெட்டு 30 டிராக்மா ஆயுதங்களைக் குடியேறியவரின் பொறுப்பில் விட்டதற்கும் இதற்கும் இடையே ஏறத்தாழ நூற்றெழுபது ஆண்டுகள் ஓடியிருந்தன.