நடந்த பாதையும் நடுவில் வந்த தடையும்

திருவேற்காட்டில் கூவம் கரையை ஒட்டிய வயல்கள் பலவும் மனைகளாகிவிட்டன. வயல் இருந்த காலத்தில் வரப்புதான் வழி. யார் வரப்பில் யார் நடந்தார்கள் என்று எவரும் எழுதி வைக்கவில்லை. மனை போட்ட பிறகு வேலி வந்தது, கேட் வந்தது, கேட்டுக்குப் பூட்டு வந்தது. அடுத்தடுத்த வீட்டுக்காரர்கள் பூந்தமல்லி கோர்ட் படியேறுவது இப்படித்தான்.

நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன். அங்கே 1819 முதல் அமலில் இருந்த பிரெஞ்சு சிவில் சட்டப்படி, அடுத்தவர் நிலத்தில் நடக்கும் உரிமைக்குப் பத்திரம் வேண்டும். தலைமுறை தலைமுறையாக நடந்தோம் என்பது மட்டும் போதாது. நாலு பக்கமும் பிறர் நிலம் சூழ்ந்து தெருவுக்கே வழியில்லாதவர் மட்டும் இழப்பீடு கொடுத்து வழி கேட்கலாம்.

இங்கே 1882-இல் வந்த வசதியுரிமைச் சட்டம் வேறு மாதிரி. பகிரங்கமாக, தடையின்றி, உரிமையாக 20 ஆண்டுகள் நடந்திருந்தால் பாதை பாத்தியம் உண்டாகும். அரசு நிலமென்றால் 30 ஆண்டுகள். கேட்டு வாங்கி நடந்தால் அது தயவு, பாத்தியம் ஆகாது. இதில் ஒரு நுணுக்கம் உண்டு. அந்த 20 ஆண்டு, வழக்குப் போடும் நாளுக்கு முந்தைய இரண்டு ஆண்டுக்குள் வந்து முடிய வேண்டும். வழி அடைபட்ட பிறகு "பேசித் தீர்த்துக்கொள்ளலாம்" என்று மூன்று வருடம் சும்மா இருந்தால், நீண்ட கால நடப்பை வைத்து உரிமை கேட்பது கஷ்டம்.

வழக்கு முடியப் பல வருடம் ஆகலாம். அதுவரை பூட்டு யார் கையில் என்பதை இடைக்காலத் தடை உத்தரவே தீர்மானிக்கிறது. வயதானவர்களுக்கு அதுவே கடைசித் தீர்ப்பாகவும் ஆகிவிடும். அதனால்தான் அதை எதிர்க்கும் வழிகளின் வரலாற்றைத் தெரிந்துகொள்வது நல்லது என்கிறேன்.

1908-ஆம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டம், தடை கொடுக்கும் முன் எதிர்தரப்புக்கு நோட்டீஸ் கொடுக்கச் சொன்னது. தாமதித்தால் நோக்கமே கெடும் என்றால் மட்டும் விலக்கு. 1976-இல் திருத்தம் வந்தது. நோட்டீஸ் இல்லாமல் தடை கொடுத்தால் நீதிபதி காரணம் எழுத வேண்டும். 30 நாளுக்குள் மனுவை முடிக்க முயல வேண்டும், முடியாவிட்டால் அதற்கும் காரணம் எழுத வேண்டும். கேவியட் மனுவும் அந்தத் திருத்தத்தில் வந்ததுதான். பக்கத்து வீட்டுக்காரர் கோர்ட்டுக்குப் போவார் என்று தெரிந்தால் முன்கூட்டியே போட்டு வைக்கலாம். 90 நாள் செல்லும்.

காரணம் எழுதுவது வெறும் சம்பிரதாயமல்ல என்று 1993-இல் ஒரு டெல்லி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 30 நாள் கெடுவுக்குப் பல் முளைத்தது 2000-இல், சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து மேலே போன ஒரு வழக்கில். கெடு தாண்டியும் மனு கிடப்பில் இருந்தால், பாதிக்கப்பட்டவர் நேரே மேல்முறையீடு செய்யலாம் என்றது தீர்ப்பு. அது பாதை வழக்கில்லை. ஆனாலும் விதி எல்லாத் தடைக்கும் ஒன்றுதான்.

ஆக, தடை வாங்கப்பட்டவருக்கு இரண்டு கதவுகள். ஒன்று, அதே கோர்ட்டில் 39-ஆம் கட்டளை 4-ஆம் விதிப்படி தடையை நீக்கவோ மாற்றவோ மனு. எதிராளி தெரிந்தே பொய் சொல்லித் தடை வாங்கியிருந்தால் இதுவே நல்ல வழி. மற்றொன்று, 43-ஆம் கட்டளைப்படி மேல்முறையீடு. மாவட்ட அளவிலான மேல் கோர்ட்டுக்கென்றால் 30 நாளுக்குள். இந்தக் கதவுகள் திறந்திருக்கும்போது நேரே உயர் நீதிமன்றத்துக்கு ஓடக்கூடாது என்பதும் அந்த 2000 தீர்ப்பின் பாடம்.

எந்தக் கதவானாலும் மூன்று கேள்விகள் வரும். மேலோட்டமாகப் பார்க்க வழக்கில் நியாயம் உண்டா? தடையால் யாருக்கு அதிகக் கஷ்டம்? பணத்தால் ஈடுகட்ட முடியாத நஷ்டமா? வேறு வழி இருக்கிறதா, பாதை எவ்வளவு அகலம் என்பதை நேரில் பார்க்க வக்கீல் கமிஷனர் கேட்கலாம். அவருடைய வரைபடம் பல பக்க வாதத்தைவிடப் பேசும்.

ஒன்று மட்டும் மறக்க வேண்டாம். உத்தரவு தவறாகவே இருந்தாலும் நீக்கும்வரை அது உத்தரவு. கோபத்தில் பூட்டை உடைத்தவரின் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம். நியாயம் அவர் பக்கம் இருந்தாலும், அந்த ஒரு சுத்தியல் அடியில் அது எதிராளி பக்கம் போய்விடும்.