வானொலியில் வராத குரலை ஒரு நாடே கேட்டது எப்படி? யார் இந்த விளாதிமிர் விசோத்ஸ்கி?

1980 ஜூலை 25. மாஸ்கோவில் ஒலிம்பிக் போட்டிகள் நடந்துகொண்டிருந்தன. அன்று அதிகாலை, 42 வயது நாடக நடிகர் ஒருவர் தன் வீட்டில் இறந்துபோனார். பத்திரிகைகளில் வந்தது சில வரிச் செய்திதான். ஆனால் 28-ம் தேதி அஞ்சலிக்காக அவருடைய உடல் வைக்கப்பட்ட தகான்கா தியேட்டர் முன்னால் பல்லாயிரம் பேர் திரண்டுவிட்டார்கள். சுற்றியிருந்த கூரைகள் மேலெல்லாம் ஆட்கள். யாரும் அவர்களைக் கூப்பிடவில்லை.

அவர்தான் விளாதிமிர் விசோத்ஸ்கி. சோவியத் ரஷ்யாவின் மிகப் பிரபலமான பாடகர். ஆனால் அரசு கணக்கில் அவர் கவிஞரும் இல்லை, இசையமைப்பாளரும் இல்லை. வெறும் நடிகர்!

'பார்டு' என்றால் யார்?

பாட்டை எழுதுவது, மெட்டுப் போடுவது, கிதார் வாசித்துப் பாடுவது எல்லாமே ஒரே ஆள் என்றால் அவரை ரஷ்யாவில் 'பார்டு' என்பார்கள். புலாத் அகுஜாவா, அலெக்சாந்தர் காலிச் போன்றவர்கள் இவருக்கு முன்னோடிகள். பாட்டுக்காக காலிச் கொடுத்த விலை பெரிது. 1971-ல் எழுத்தாளர் சங்கத்திலிருந்து நீக்கப்பட்டு, 1974-ல் நாட்டைவிட்டே போக வேண்டியதாயிற்று. விசோத்ஸ்கியை அப்படி நீக்க முடியாது. ஏனென்றால் அவர் எழுத்தாளர் சங்கத்தில் உறுப்பினராகவே இல்லை. கவிஞராக அங்கீகாரம் வேண்டும் என்ற ஏக்கம் மட்டும் கடைசிவரை இருந்தது.

1938 ஜனவரி 25-ல் மாஸ்கோவில் பிறந்தவர். அப்பா ராணுவ அதிகாரி. போருக்குப் பிறகு அப்பாவோடு கிழக்கு ஜெர்மனிப் பகுதியில் சில காலம் வளர்ந்தார். கட்டுமானப் பொறியியல் படிக்கச் சேர்ந்து, அரை ஆண்டிலேயே விட்டுவிட்டு நடிப்புப் பள்ளிக்குப் போனார். 1964-ல் யூரி லியூபிமோவ் நடத்திய தகான்கா தியேட்டரில் சேர்ந்தார்.

டேப் ரெக்கார்டர் செய்த வேலை

அன்றைக்கு அங்கே ஒரு கவிதை அச்சாக வேண்டும் என்றால் தணிக்கை தாண்ட வேண்டும். இசைத்தட்டு வெளியிட 'மெலோதியா' என்ற அரசு நிறுவனம் ஒன்றுதான். ஆனால் ஸ்பூல் டேப் ரெக்கார்டர் கடையிலேயே கிடைத்தது. அந்த ஓட்டை வழியாகத்தான் விசோத்ஸ்கி வெளியே வந்தார்.

நண்பர் வீட்டுச் சாப்பாட்டு மேசை, தொழிற்சாலை மன்றம், ஆய்வுக்கூட அரங்கு என எங்கே பாடினாலும் யாராவது ஒருவர் பதிவு செய்வார். அதை இன்னொருவர் பிரதி எடுப்பார், அவரிடமிருந்து வேறொருவர். பிரதிக்குப் பிரதி இரைச்சல் கூடும். ஆனால் அந்தக் கரகரப்பான குரலை அமுக்கவா முடியும்? பாடகர்கள் பொதுவாக உயிரெழுத்தைத்தான் நீட்டுவார்கள். இவரோ 'ர்', 'ல்' போன்ற மெய்யெழுத்துகளைப் பிடித்து இழுப்பார். ஒற்றளபெடை என்று இலக்கண வகுப்பில் படித்தவர்களுக்கு உடனே புரியும்.

பாடல்களில் 'நான்' என்றுதான் பேசுவார். அந்த 'நான்' ஒரு பாட்டில் திருடன், இன்னொன்றில் சிப்பாய், வேறொன்றில் மலையேறுபவன். போர் தொடங்கியபோது அவருக்கு வயது 3. ஆனாலும், 'நீங்கள் எங்கள் படைப்பிரிவில் இருந்தவர்தானே?' என்று முன்னாள் வீரர்கள் கடிதம் எழுதிக் கேட்டார்கள்.

தடையும் இல்லை, அனுமதியும் இல்லை

1967-ல் வந்த 'வெர்திகால்' படத்தில் மலையேறுபவர்களைப் பற்றிய இவருடைய பாடல்கள் பெரிய ஹிட். அடுத்த ஆண்டே 'சவேத்ஸ்கயா ரஸ்ஸீயா' நாளிதழ் இவரைக் கடுமையாகத் தாக்கிக் கட்டுரை வெளியிட்டது. வேடிக்கை என்னவென்றால், அதில் இவர் தலையில் கட்டப்பட்ட பாடல்களில் யூரி விஸ்போர் என்ற இன்னொரு பார்டு எழுதியதும் இருந்தது. திட்டுவதற்கு முன் யார் பாட்டு என்றுகூடப் பார்க்கவில்லை!

இவரை யாரும் சிறையில் போடவில்லை. பிரெஞ்சு நடிகை மரீனா விளாதியை 1970-ல் திருமணம் செய்தபின், வெளிநாடு போகவும் முடிந்தது. ஆனால் மெலோதியா பெரும்பாலும் சில பாடல்கள் கொண்ட சின்னத் தட்டுகளோடு நிறுத்திக்கொண்டது. இலக்கியத் தொகுப்பில் அவர் வாழ்நாளில் வெளியான கவிதை ஒன்றே ஒன்று. 1975-ல், அதுவும் வெட்டப்பட்டு.

மேடையில் கதையே வேறு. 1971 நவம்பரில் அரங்கேறிய 'ஹாம்லெட்' நாடகத்தில் இளவரசன் கிதாரோடு வருவான். தொடக்கத்தில் அவர் பாடியது பாஸ்டர்நாக்கின் 'ஹாம்லெட்' கவிதை. அது சோவியத்தில் அச்சிட அனுமதிக்கப்படாத 'டாக்டர் ஷிவாகோ' நாவலில் உள்ள கவிதை! 1979-ல் தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் ஷெக்லோவ் என்ற போலீஸ் அதிகாரியாக நடித்தபோது இவர் முகமும் வீடு வீடாகப் போய்ச் சேர்ந்தது.

ஆனால் உடம்பு ஒத்துழைக்கவில்லை. குடி, பிறகு போதை ஊசி. 1979 ஜூலையில் புகாரா நகரில் இதயம் ஒருமுறை நின்று, காப்பாற்றப்பட்டார். 1980 ஜூலை 18-ல் கடைசியாக ஹாம்லெட் வேடம் போட்டார். ஒரே வாரம்தான்.

இறந்த பிறகு எல்லாம் வந்தது. 1981-ல் 'நெர்வ்' என்ற கவிதைத் தொகுப்பு. 1987-ல் சோவியத் அரசு விருது, ஷெக்லோவ் வேடத்துக்கும் பாடல்களுக்கும் சேர்த்து. அதே ஆண்டு மெலோதியாவும் அவருடைய கச்சேரிப் பதிவுகளை வரிசையாக வெளியிடத் தொடங்கியது. மொத்தம் 21 தட்டுகள். வாங்கியவர்களில் நிறையப் பேர் வீட்டில் அந்தப் பாடல்கள் ஏற்கெனவே டேப்பில் இருந்தன.