அரை மில்லிமீட்டரின் வேலை

காடைக்கண்ணி என்ற தானியத்தை நீங்கள் 'ஓட்ஸ்' என்ற பெயரில் அறிவீர்கள். அதனுடன் வெண்ணெயும் சர்க்கரையும் பிசைந்து, நடுவே பேரீச்சம்பழ விழுதைப் பரப்பிச் சுட்டெடுக்கும் துண்டுகள் இங்கிலாந்து வீடுகளில் பழக்கமானவை. சூடு மிகுந்தால் பழத்திலுள்ள சர்க்கரை கருகிக் கசக்கும். குறைந்தால் ஓட்ஸ் மொறுமொறுக்காது. 180 டிகிரி செல்சியஸ் அளவு ஏற்றது.

அடுப்பில் வெப்பமானி இல்லாத காலத்தில் இதை எப்படி அறிந்தனர்? உள்ளே சிறிது மாவைத் தூவி, அது எவ்வளவு விரைவில் பழுப்பாகிறது என்று பார்த்தனர். கையை நீட்டிப் பார்த்தவர்களும் உண்டு.

விடை சமையலறையில் பிறக்கவில்லை. பாரிசை அடுத்த செவ்ரிலுள்ள அனைத்துலக எடை, அளவைக் கழகத்தில் பணியாற்றிய கியோம் என்ற அறிஞர், நீள அளவுகோல்களுக்கு மலிவான உலோகம் தேடியபோது, 1896-இல் இன்வார் என்னும் கலவையைக் கண்டார். இரும்பு 64 பங்கு, நிக்கல் 36 பங்கு. சூடேறினால் பித்தளை இதைப்போல் ஏறத்தாழ 15 மடங்கு நீளும். 1920-இல் அவருக்கு இயற்பியல் நோபல் பரிசு கிடைத்தது. பரிசுக் குழு பழத்துண்டுகளை நினைத்திருக்காது!

1923-இல் இங்கிலாந்தில் 'ரெகுலோ' என்ற கருவி வாயு அடுப்புகளில் பொருத்தப்பட்டது. அடுப்பினுள் பித்தளைக் குழாய். அதற்குள் இன்வார் கம்பி. இரண்டும் ஒரு முனையில் இணைந்தவை. குழாய் நீளும்போது கம்பியையும் இழுத்துச் செல்லும். மறுமுனையிலுள்ள வால்வு வாயுவைக் குறைக்கும். பித்தளையின் நீள்விரிவு எண் 0.000019. குழாயின் நீளம் 20 செ.மீ., வெப்பநிலை உயர்வு 150 டிகிரி எனக் கொண்டு நீங்களே கணக்கிட்டுப் பாருங்கள். கிடைக்கும் அசைவு அரை மில்லிமீட்டர்தான்.

'மிதமான சூடு' என்று எழுதி வந்த சமையல் நூல்கள் எண்ணைக் குறிப்பிடத் தொடங்கின. குமிழை 4-இல் வைத்துவிட்டு, அடுப்பருகே காவல் நிற்காமல் வேறு வேலை பார்க்க முடிந்தது.