தியாகதுருகம் கோட்டையும் அயர் கூட்டின் போர்க்காலக் கடிதங்களும்

தியாகதுருகம், கள்ளக்குறிச்சியிலிருந்து உளுந்தூர்ப்பேட்டை செல்லும் சாலையில் உள்ள மலைக்கோட்டை ஊர் ஆகும். இரண்டாம் ஆங்கிலேய-மைசூர்ப் போரின்போது (1780–1784) இக்கோட்டை 1781 ஜூன் மாதத்தில் திப்பு சுல்தானிடம் வீழ்ந்தது. அப்போது ஆங்கிலேயரின் முதன்மைப் படை 100 கி.மீ.க்கும் குறைந்த தொலைவில், கடலூர்ப் பகுதியில் இருந்தது. அப்படை ஏன் முடங்கிக் கிடந்தது என்பதைத் தலைமைத் தளபதி சர் அயர் கூட்டுக்கும் சென்னை அரசுக்கும் இடையே நடந்த கடிதப் போக்குவரத்து காட்டுகிறது.

கோட்டையின் முக்கியத்துவம்

மேலைப் பகுதியிலிருந்து சமவெளிக்கு இறங்கும் படைகளுக்குக் கல்வராயன் மலைத்தொடர் ஒரு தடுப்பு. அதன் வடபுறம் செங்கம் கணவாயும் தென்புறம் ஆத்தூர் வழியும் இருந்தன. ஆத்தூர், சின்னசேலம், கள்ளக்குறிச்சி வழியாகக் கடற்கரை நோக்கிச் செல்லும் பாதையைத் தியாகதுருகம் காவல் காத்தது. 1760இல் பிரெஞ்சுக்காரர் ஐதர் அலியின் உதவியைப் பெற, தியாகதுருகத்தையும் எலவனாசூரையும் அவருக்கு விட்டுக்கொடுக்க உடன்பட்டனர். புதுச்சேரி வீழ்ந்த 1761இல் தியாகதுருகம் ஆங்கிலேயர் வசமானது.

அரிசியும் எருதுகளும்

1780 ஜூலையில் ஐதர் அலி கர்நாடகத்தினுள் நுழைந்தார். செப்டம்பரில் பொள்ளிலூரில் பெய்லியின் படை அழிந்தது. வந்தவாசியில் 1760இல் வென்ற கூட், நவம்பரில் வங்காளத்திலிருந்து சென்னை வந்தடைந்தார். உடன் வந்த பணத்தைச் செலவிடும் பொறுப்பையும் கல்கத்தா அரசு அவரிடமே அளித்திருந்தது. இதனால் சென்னை ஆட்சிக்குழுவுக்கும் தளபதிக்கும் தொடக்கத்திலேயே மனக்கசப்பு ஏற்பட்டது.

1781 பிப்ரவரி முதல் கூட்டின் படை கடலூரில் தங்கியது. சுற்றுவட்டாரம் ஐதரின் குதிரைப்படையின் பிடியில் இருந்ததால், உணவு சென்னையிலிருந்து கடல்வழியே வரவேண்டியிருந்தது. கூட்டின் கடிதங்களில் போர்த்திட்டங்களைவிட அரிசியும் எருதுகளுமே மிகுதியாக இடம்பெற்றன. பீரங்கிகளை இழுக்கவும் மூட்டைகளைச் சுமக்கவும் எருதுகள் இன்றிப் படை நகர இயலாது. அரசின் இடர்ப்பாடும் உண்மையானதே. கருவூலம் வறண்டிருந்தது; நாட்டுப்புறம் பாழாகிக் கிடந்தது.

இந்நிலையில் வெளியுதவி இன்றித் தியாகதுருகம் சரணடைந்தது. அதே ஜூனில், நெல் சேமிக்கப்பட்டிருந்த சிதம்பரம் கோவிலைக் கைப்பற்றக் கூட் முயன்று தோற்றார். ஜூலை 1இல் பரங்கிப்பேட்டையில் வென்றார். ஆயினும் வண்டியும் தானியமும் இல்லாததால் அவ்வெற்றியின் முழுப்பயனைப் பெற முடியவில்லை.

பிணக்கின் தொடர்ச்சி

ஜூன் 22இல் ஆளுநராகப் பொறுப்பேற்ற மெக்கார்ட்னி பிரபு, உணவு திரட்டுவதில் ஊக்கம் காட்டினார். எனினும் படை நடத்தும் அதிகாரம் யாருக்கு என்ற வழக்கு ஓயவில்லை. கூட் 1783 ஏப்ரலில் சென்னையில் இறந்தார். அவருக்குப்பின் வந்த தளபதி ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டை மெக்கார்ட்னி அதே ஆண்டு பதவி நீக்கிக் கப்பலேற்றினார். 1786இல் இருவரும் இங்கிலாந்தில் துப்பாக்கியால் ஒற்றைக்கொற்றை மோதினர்.

1790இன் இறுதியில் திப்பு மீண்டும் தியாகதுருகத்தைத் தாக்கினார். இம்முறை, முன்பு வந்தவாசியைக் காத்த பிளின்ட் கோட்டையைக் காத்து நின்றார்.

கடிதங்களின் மதிப்பு

கம்பெனியின் இராணுவத் துறைக் குறிப்பேடுகள் சென்னை எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகத்தில் பாதுகாக்கப்படுகின்றன. இத்தகைய ஏடுகளில் தளபதிக்கு எருதுகள் ஒரு எண்ணிக்கை. அரசுக்கு ஒரு செலவினம். அவை உழவனின் ஏர்மாடுகள் என்பதையும், அரிசி ஓர் ஊரின் ஆண்டு உணவு என்பதையும் சேர்த்துப் படிக்கும்போதே இப்பகுதியின் போர்க்கால வரலாறு முழுமை பெறும்.