சரித்திரமும் அட்லாஸும்

சரித்திர நூலில் தேசப்படம் வந்தால் அந்தப் பக்கத்தை மரியாதையாகப் புரட்டிவிட்டு மேலே போகிறவர்கள் நம்மில் ஏராளம். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பள்ளிக்கூடத்தில் ஊர்ப்பெயர் இல்லாத படம் ஒன்றைக் கையில் கொடுத்து, அசோகருடைய சாம்ராஜ்யத்துக்கு நிறம் தீட்டச் சொல்வார்கள். கோடு அரை அங்குலம் தப்பினால் ஒரு மார்க் போச்சு. அப்புறம் ஒருவனுக்குத் தேசப்படத்தின் மேல் ஆசை எங்கிருந்து வரும்?

ஆனால் கதை எழுதுகிறவனுக்கு வேறு வழியில்லை. அவனுடைய பாத்திரங்கள் ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்குப் போயாக வேண்டும். நம் சரித்திர நாவல்களில் வரும் குதிரைகளைக் கவனித்திருப்பீர்கள். காலையில் வீரனைச் சுமந்துகொண்டு புறப்பட்டால் சூரியன் அஸ்தமிப்பதற்குள் நூறு மைல் போய்விடும். அதற்குப் புல்லோ கொள்ளோ வைத்ததாக எந்த அத்தியாயத்திலும் கிடையாது. படத்தை விரித்து வைத்துக்கொண்டு எழுதினால் அந்தக் குதிரைகளுக்குக் கொஞ்சம் ஓய்வு கிடைக்கும். சரித்திர அட்லாஸ்களை நான் வாங்க ஆரம்பித்தது இந்த ஜீவகாருண்யத்தினால்தான்.

அவற்றில் எனக்கு மிகவும் பிடித்தது காலின் மக்கெவடி என்பவர் தயாரித்த மத்தியகாலச் சரித்திர அட்லாஸ். இங்கிலாந்தில் மனநோய் வைத்தியராக இருந்தவர் அவர். பெங்குவின் நிறுவனத்தார் அதை 1961-இல் வெளியிட்டார்கள். ஒல்லியான புத்தகம். பக்கத்துக்குப் பக்கம் ஒரே தேசப்படம்தான் திரும்பத் திரும்ப வருகிறது: ஐரோப்பா, மத்தியதரைக் கடல், வட ஆப்பிரிக்கா, மேற்கு ஆசியா. அளவும் மாறுவதில்லை, வருஷம்தான் மாறுகிறது. ஓர் ஊரைக் கண்ணில் பிடித்துக்கொண்டு பக்கங்களைப் புரட்டினால், அந்த ஊரைச் சுற்றி ராஜ்யங்கள் வீங்குவதும் வற்றுவதும் பொம்மலாட்டம்போலத் தெரியும்.

நான் பெரும்பாலும் பிடித்துக்கொள்வது கான்ஸ்டாண்டிநோபிள். இன்றைய இஸ்தான்புல். 330-இல் ரோமச் சக்கரவர்த்தி கான்ஸ்டன்டைன் தம் புதுத் தலைநகராக அதைத் திறந்து வைத்தார். 565-இல் ஜஸ்டினியன் இறந்தபோது அந்த ஊரின் ஆட்சி ஸ்பெயினின் தென்கரை முதல் சிரியா வரை பரவியிருக்கிறது. ஏழாம் நூற்றாண்டின் நடுவிலுள்ள படத்துக்கு வந்தால் சிரியாவைக் காணோம், பாலஸ்தீனத்தைக் காணோம், எகிப்தைக் காணோம். 636-இல் யார்முக் நதிக்கரையில் அரபுப் படைகளிடம் தோல்வி. 642-இல் அலெக்ஸாண்டிரியா கைமாறியது. பாடப்புத்தகம் இதை இரண்டு வரியில் முடித்துவிடும். நாமும் "மாகாணங்கள் போயின" என்று வாசித்துவிட்டு அடுத்த யுத்தத்துக்குப் போய்விடுவோம்.

ஆனால் படத்தில் எகிப்தின் நிறம் மாறியிருப்பதைப் பார்த்தால் நான் உடனே தேடுவது நைல் நதியைத்தான். அங்கிருந்து கடல் வழியே வடக்கே பார்த்துக்கொண்டு போவேன். கான்ஸ்டன்டைன் தம் நகரத்து ஜனங்களுக்கு 332-இல் இனாம் ரொட்டி கொடுக்க ஏற்பாடு செய்தார்; 80,000 பங்கு. அதற்கு வேண்டிய கோதுமை எகிப்திலிருந்து வந்தது. அலெக்ஸாண்டிரியாவிலிருந்து தலைநகருக்கு எழுநூறு மைலுக்கு மேற்பட்ட கடல். கோடைகாலத்தில் அங்கே காற்று வடக்கிலிருந்து அடிக்கும். பாய்மரக் கப்பல்கள் தத்தளித்து டார்டனெல்ஸ் ஜலசந்தியின் வாயிலுக்கு வந்து, உள்ளே நுழைய முடியாமல் நாள் கணக்காகக் காத்துக் கிடக்கும். தானியம் கெட்டுப் போகும்.

ஜலசந்தியின் வாயிலருகே டெனிடாஸ் என்று ஒரு தீவு. பெரிய அட்லாஸில்கூட மிளகு அளவுதான் இருக்கும். ஜஸ்டினியன் அந்தத் தீவில் ஒரு பிரம்மாண்டமான களஞ்சியம் கட்டினார். கப்பல்கள் அங்கே மூட்டைகளை இறக்கிவிட்டு எகிப்துக்கு உடனே திரும்பும். காற்று அனுகூலமானபோது வேறு கப்பல்கள் அவற்றை ஊருக்குக் கொண்டு போகும். அவர் சட்டங்களைத் தொகுத்தார், சோபியா ஆலயத்தைக் கட்டினார் என்றெல்லாம் புகழ்கிறோம். எனக்கென்னவோ அந்த மனிதரின் கெட்டிக்காரத்தனம் இந்த மிளகுத் தீவில்தான் அதிகம் தெரிகிறது.

இந்தக் கப்பல் வழி ரொட்டியை மாத்திரம் கொண்டுவரவில்லை. 541-இல் எகிப்தில் தலைகாட்டிய பிளேக் மறு வருஷமே தலைநகருக்கு வந்து சேர்ந்தது. கோதுமைக்கு வழி தெரிந்தால் எலிக்கும் வழி தெரியும் அல்லவா? எந்த அட்லாஸும் பிளேக்குக்காகச் சாம்ராஜ்யத்தின் நிறத்தை மாற்றுவதில்லை. செத்தவர்களுக்குப் படத்தில் இடம் கிடையாது.

பின்னர் பாரசீகர் எகிப்தின்மேல் படையெடுத்தார்கள். 618-இல் இனாம் ரொட்டி நின்றது. அடுத்த வருஷம் அலெக்ஸாண்டிரியா விழுந்தது. பத்து வருஷத்துக்குள் சக்கரவர்த்தி ஹெராக்ளியஸ் எகிப்தை மீட்டார். இதுவும் கவனிக்க வேண்டியது. 600-க்கு ஒரு படம், 650-க்கு ஒரு படம் என்று அச்சிட்ட அட்லாஸில் எகிப்து ஒரே தடவைதான் கைமாறியதாகத் தோன்றும். இழந்ததும் மீட்டதும் திரும்ப இழந்ததும் இரண்டு தாள்களுக்கு நடுவே ஒளிந்துகொள்ளும். மீட்ட அன்று விளக்கேற்றிக் கொண்டாடியவன், பதின்மூன்று வருஷத்தில் மறுபடியும் கெட்ட செய்தி கேட்டிருப்பான். கதாசிரியனுக்கு வேலை இருப்பது அங்கேதான்.

ஊர் என்ன ஆயிற்று? ஆறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜனத்தொகை நாலைந்து லட்சம் இருந்திருக்கும் என்கிறார்கள் ஆராய்ச்சியாளர்கள். எட்டாம் நூற்றாண்டில் ஒரு லட்சத்துக்கும் வெகு குறைவு. 626 முற்றுகையில் எதிரிகள் ஊரின் பெரிய நீர்க்கால்வாயை வெட்டிவிட்டார்கள்; அதைச் செப்பனிட்டது 766-இல். 140 வருஷம் ஒரு தலைநகரம் அந்தத் தண்ணீர் இல்லாமலே காலம் தள்ளியது என்றால், குடிக்க எத்தனை பேர் மிஞ்சியிருப்பார்கள் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். பிளேக், யுத்தம், ரொட்டி எல்லாம் சேர்ந்து செய்த வேலை இது. தேசப்படத்திலோ ஊரைக் குறிக்கும் புள்ளி அதே அளவில்தான் இருக்கிறது.

நிறம் தீட்டுவதில் உள்ள சங்கடமே இதுதான். ஒரு தேசம் முழுவதும் ஒரே சீராகச் சக்கரவர்த்தியின் கையில் இருந்ததுபோலவும், கோட்டைத் தாண்டி ஓர் அடி வைத்தால் வேற்று நாடு என்பதுபோலவும் அது பொய் சொல்கிறது. அந்தக் காலத்தவர்கள் தங்கள் பூமியை அப்படிப் பார்த்ததாகத் தெரியவில்லை. வியன்னா நூலகத்தில் பாதுகாக்கப்பட்டுவரும் பியூட்டிங்கர் படம் என்ற ரோமானியச் சாலைப்படத்தின் மத்தியகாலப் பிரதியே சாட்சி. ஏறத்தாழ இருபத்திரண்டடி நீளம், ஓரடி அகலம். தாழம்பாய் மாதிரி சுருட்டலாம். கடல்களெல்லாம் வாய்க்கால்களாக நசுங்கிக் கிடக்கின்றன. ராஜ்ய எல்லைக்கு நிறம் கிடையாது. சாலைகள், தங்குமிடங்கள், ஒன்றிலிருந்து ஒன்றுக்குள்ள தூரம் - இவைதான் உண்டு. கான்ஸ்டாண்டிநோபிள் அதில் சிம்மாசனத்தில் அமர்ந்த ஒரு தேவியாகக் காட்சி தருகிறது. கீழ்க்கோடியில் நம் முசிறியும் இருக்கிறது, பக்கத்தில் அகஸ்டஸின் கோயிலோடு. வழிப்போக்கனுக்கு வேண்டியது "இன்று இரவு எங்கே தங்கலாம்?" என்பதுதான். எந்த ராஜாவுக்கு எந்த நிறம் என்பதல்ல.

மேலே புரட்டுவோம். 1025-இல் இரண்டாம் பேஸில் இறந்தபோது சாம்ராஜ்யம் மறுபடி பருத்திருக்கிறது. 1204-இல் சிலுவைப் போர் வீரர்கள் ஊரைக் கொள்ளையிட்டார்கள். படம் சில்லுச் சில்லாகிறது. 1261-இல் கிரேக்கர்கள் ஊரை மீட்டார்கள் என்றாலும் உடம்பு தேறவில்லை. 1450-ஐ ஒட்டிய படத்தில் துருக்கரின் நிறம் நாலாபுறமும் சூழ்ந்திருக்க, நடுவே ஒரு புள்ளி. கிரீஸின் தெற்கில் மட்டும் சிறிது மண்.

1452-இல் சுல்தான் மெஹ்மத், பாஸ்பரஸ் ஜலசந்தி அரை மைலுக்கும் குறைவாகக் குறுகும் இடத்தில் ஒரு கோட்டை எழுப்பினார். எதிர்க்கரையில் அவருடைய பாட்டனாருக்குத் தகப்பனார் கட்டிய கோட்டை ஏற்கெனவே நின்றது. துருக்கி மொழியில் ஜலசந்திக்கும் கழுத்துக்கும் ஒரே சொல். புதுக் கோட்டைக்கு "கழுத்தறுப்பான்" என்று பொருள்படும் பெயர். கருங்கடல் தானியத்துக்கு அதுதான் வாசல். அட்லாஸைத் திறந்து அந்த இடத்தைப் பார்த்தவர்களுக்கு, அடுத்த வருஷத்துச் சங்கதியைச் சொல்லத் தேவையில்லை.

அந்தப் புள்ளிக்குள்ளே சுமார் ஐம்பதாயிரம் பேர் இருந்தார்கள். மதிலுக்குள்ளேயே வயல்கள், தோட்டங்கள். கடைசிச் சக்கரவர்த்தி தம் அந்தரங்க நண்பர் ஸ்பிரான்ட்ஸெஸை அழைத்து, ஆயுதம் ஏந்தக்கூடிய ஆண்களைக் கணக்கெடுக்கச் சொன்னார். ஐயாயிரத்துக்குச் சற்றுக் குறைவான கிரேக்கர்கள்; வெளிநாட்டார் ஏறக்குறைய இரண்டாயிரம். எதிரே பல மடங்கு சேனை. அந்த எண்ணிக்கையை யாரிடமும் சொல்லக் கூடாது என்று சக்கரவர்த்தி கேட்டுக்கொண்டார். 1453 மே 29-இல் ஊர் விழுந்தது.

அதற்கப்புறம் அட்லாஸை மூடிவிடுகிறவர்கள் உண்டு. நான் இன்னும் கொஞ்சம் புரட்டுவேன். மெஹ்மத் வெளியூர்களிலிருந்து ஜனங்களைக் கொண்டுவந்து குடியேற்றினார், ஊர் நிரம்பியது. நிரம்பிய ஊருக்குச் சோறு வேண்டுமே! 1517-இல் துருக்கர்கள் எகிப்தைப் பிடித்தார்கள். எண்ணூற்றெழுபத்தைந்து வருஷங்களுக்குப் பிறகு தலைநகருக்கும் நைல் நதிக்கும் படத்தில் ஒரே நிறம். அரிசியும் தானியமும் ஏற்றிக்கொண்டு எகிப்தின் துறைமுகங்களிலிருந்து கப்பல்கள் மறுபடியும் வடக்கே புறப்பட்டன, அதே எதிர்க்காற்றில், டெனிடாஸ் பக்கமாக.