தோற்றம் 25.06.2015, மறைவு 26.03.2020

அம்பத்தூர் ஓ.டி. பேருந்து நிலையத்தைச் சுற்றியுள்ள சுவர்களில் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் ஒட்டாத வாரம் கிடையாது. மேலே படம், கீழே தோற்றம், மறைவு, அதற்கும் கீழே வருந்தும் குடும்பத்தார். 2020 மார்ச் 26 அன்று செத்துப்போன ஒன்றுக்கு மட்டும் யாரும் ஒட்டவில்லை. ஒட்டியிருக்கவும் முடியாது. ஊரடங்கின் இரண்டாம் நாள். தொழிற்பேட்டையில் ஒரு லேத் ஓடும் சத்தம்கூட இல்லை. செத்தது ஆள் அல்ல, கொழும்பு மேல் நீதிமன்றத்தில் பிறந்த ஒரு தீர்ப்பு.

எங்கள் மாடியில் அப்போது கொடிகாமத்து அம்மா ஒருவர் குடியிருந்தார். படிக்கட்டில் உட்கார்ந்து சுளகில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தவர் என்னைப் பார்த்ததும், "நியூஸ் பாத்தனீங்களோ தம்பி? மிருசுவில் கேஸ்காரனை விட்டுட்டாங்கள்" என்றார். சுளகு நிற்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, "அங்கயும் ஊரடங்குதான். ஆர் ரோட்டுக்கு வந்து கத்துறது?" என்றார். அவ்வளவுதான் பேசினார். கல் பொறுக்கி முடித்து மேலே போய்விட்டார்.

மிருசுவில் கொடிகாமத்துக்கு அடுத்த ஊர். யாழ்ப்பாணம் போகும் ஏ9 சாலையில் இருக்கிறது. 2000இல் தென்மராட்சியில் சண்டை மூண்டபோது அந்த மக்கள் உடுப்பிட்டிப் பக்கம் இடம்பெயர்ந்தார்கள். அந்த டிசம்பரில் ஒன்பது பேர், விட்டுவந்த வீட்டைப் பார்க்கவும் விறகு பொறுக்கவும் ஊருக்குத் திரும்பினார்கள். ராணுவத்தினர் பிடித்தார்கள். ஒருவர் மட்டும் காயத்தோடு தப்பி ஓடி வந்து சொன்னார். அவர் சொன்னதால்தான் தேடினார்கள். ஒன்றாகப் புதைக்கப்பட்ட எட்டு உடல்கள் கிடைத்தன. கழுத்துகள் அறுபட்டிருந்தன. அதில் ஒன்று ஐந்து வயதுப் பையன்.

அந்தத் தீர்ப்பு பிறந்தது சாதாரணப் பிரசவம் அல்ல. 2002இல் மூன்று நீதிபதிகள் முன் தொடங்கிய விசாரணை 13 ஆண்டு இழுத்தது. ஐந்து ராணுவத்தினர் மீது குற்றச்சாட்டு, நால்வர் விடுதலை. சுனில் ரத்நாயக்க என்ற ஒருவருக்கு மட்டும் மரண தண்டனை. 2019இல் உயர் நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. (அங்கே உயர் நீதிமன்றம் என்றால் நம்மூர்க் கணக்கில் உச்ச நீதிமன்றம்.) தூக்கு நடந்திருக்காது. இலங்கையில் 1976க்குப் பிறகு யாரையும் தூக்கிலிட்டதில்லை. எனக்கும் தூக்கு வேண்டியிருக்கவில்லை. ஒரு சிப்பாய் செய்தது கொலை என்று அந்த நாட்டின் காகிதத்தில் எழுதியிருந்தது, அதுதான் வேண்டியிருந்தது.

அப்படி எழுதிய காகிதம் எத்தனை இருக்கிறது? பள்ளி மாணவி கிருசாந்தி குமாரசுவாமி கொலை வழக்கில் 1998இல் ஒன்று. 1996இல் குமாரபுரத்தில் நடந்த படுகொலைக்கு 20 ஆண்டு கழித்து ஆறு முன்னாள் ராணுவத்தினர் விடுதலை. திருகோணமலைக் கடற்கரையில் 2006இல் கொல்லப்பட்ட ஐந்து மாணவர்கள் வழக்கிலும் 2019இல் எல்லாரும் விடுதலை. விரல்விட்டு எண்ண ஆரம்பித்தால் முதல் கையிலேயே நின்றுவிடும்.

கோட்டாபய ராஜபக்ச சிறையிலிருக்கும் படைவீரர்களை விடுவிப்பேன் என்று தேர்தல் மேடையிலேயே சொன்னவர். ஜனாதிபதியாகி நாலு மாதத்தில் ரத்நாயக்கவுக்குப் பொதுமன்னிப்புக் கையெழுத்து. மரண தண்டனைக் கைதியை மன்னிப்பதற்கு முன் விசாரித்த நீதிபதியின் அறிக்கை, சட்டமா அதிபரின் ஆலோசனை, நீதி அமைச்சரின் சிபாரிசு மூன்றும் வேண்டும் என்கிறது அரசியலமைப்பின் 34ஆம் பிரிவு. பறிகொடுத்த குடும்பத்தைக் கேட்க வேண்டும் என்று அதில் ஒரு வரி இல்லை. தீர்ப்பு இருந்தது 4 வருடம் 9 மாதம். அந்தப் பையனின் வயதுகூட ஆகவில்லை அதற்கு.

டீக்கடையில் ஒரு நண்பர் மடக்கினார். "நம்ம பூந்தமல்லி கோர்ட்ல ராஜீவ் கேஸ்ல 26 பேருக்கும் தூக்குன்னாங்க. கடைசியா எல்லாரும் வெளிய வந்தப்ப சந்தோஷப்பட்டல்ல? இப்ப மட்டும் ஏன் அழுவுற?" நியாயமான கேள்வி. 1998 ஜனவரி 28இல் வந்த அந்தத் தீர்ப்பும் தேய்ந்தது உண்மை. 1999இல் 19 பேர் விடுதலை, நால்வருக்குத் தூக்கு உறுதி, 2022இல் மிச்சமிருந்தவர்களும் வெளியே. ஆனால் அந்த விடுதலை ஒவ்வொன்றுக்கும் நீதிபதி கையெழுத்துப் போட்ட காரணம் உண்டு. பிடிக்காதவர் எடுத்துப் படித்துத் திட்டலாம். கடைசியில் வந்தவர்கள் முப்பது வருடத்துக்கு மேல் உள்ளே இருந்துவிட்டு வந்தார்கள். நண்பர் முழுசாக ஒத்துக்கொள்ளவில்லை. டீக்கு அவரே காசு கொடுத்தார்.

இலங்கையை மட்டும் வைதுவிட்டு நகர முடியாது. நாகாலாந்தின் ஓடிங்கில் 2021 டிசம்பர் 4 அன்று சுரங்க வேலை முடிந்து வீடு திரும்பிய தொழிலாளர்களை ராணுவம் சுட்டது. ஆறு பேர் செத்தார்கள். தொடர்ந்த கலவரத்தோடு சேர்த்து 14 பொதுமக்கள். மாநிலப் போலீஸ் 30 ராணுவத்தினர் மீது குற்றப்பத்திரிகை தயாரித்தது. வழக்கு நடத்த மத்திய அரசு அனுமதி தரவில்லை. 2024 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் வழக்கை முடித்துவைத்தது. அங்கே இரங்கல் எழுதக்கூட வழியில்லை. தீர்ப்பு பிறக்கவே இல்லை.

மிருசுவில் மன்னிப்பை எதிர்த்துக் கொழும்பு உயர் நீதிமன்றத்தில் மனுக்கள் தாக்கலாயின. அதே கோட்டாபய, கொலை வழக்கில் தண்டனை பெற்ற முன்னாள் எம்.பி. துமிந்த சில்வாவுக்குக் கொடுத்த மன்னிப்பை அந்த நீதிமன்றம் 2024 ஜனவரியில் ரத்து செய்து, ஆளை மறுபடி உள்ளே அனுப்பியது. செத்த தீர்ப்புக்கு உயிர் வரும் என்பதற்கு அது சாட்சி. ஆகவே, அஞ்சலி போஸ்டர் அடிக்கக் காசு சேர்ப்பவர்கள் கொஞ்சம் பொறுங்கள்.