அரைப் புள்ளி

1912 ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்கில் குதிரையேற்றம் முழுப் போட்டியாக இடம்பிடித்த கதையைச் சென்ற வாரம் பார்த்தோம். அன்று களமிறங்கிய அத்தனை பேரும் ராணுவ அதிகாரிகள். அதன் பிறகு இரண்டு உலகப் போர்கள் வந்து போயின. குதிரைப் படைகளின் இடத்தை டாங்கிகள் பிடித்துக்கொண்டன. ஐரோப்பாவில் எத்தனையோ மன்னர்கள் முடியிழந்தார்கள். ஒலிம்பிக் குதிரையேற்றத்தின் விதிப் புத்தகம் மட்டும் அசையவே இல்லை. போட்டியிட வேண்டுமா? ராணுவத்தில் அதிகாரியாக இருக்க வேண்டும். இல்லாவிட்டால் சவாரியைப் பிழைப்பாகக் கொள்ளாத கனவானாக இருக்க வேண்டும். சார்ஜென்ட்டுக்கும் சிப்பாய்க்கும் இடமில்லை. பெண்களுக்கு அறவே இல்லை.

இதற்கு ஒரு காரணமும் சொல்லி வைத்திருந்தார்கள். சார்ஜென்ட் சம்பளத்துக்குக் குதிரை பழக்குகிறவர், ஆகவே தொழில்முறைக்காரர். அதே படைப்பிரிவில் அதே லாயத்துக் குதிரையில் ஏறும் லெப்டினன்ட், பொழுதுபோக்குக்காகச் சவாரி செய்யும் அமெச்சூர். இருவருக்கும் ஒரே அரசு கஜானாவிலிருந்துதான் சம்பளம் போனது. சாதிப் படிக்கட்டு நமக்கு மட்டும் சொந்தமானதல்ல என்று புரிந்துகொள்ள இந்த ஒரு விதி போதும்.

அந்த விதி 1948 லண்டன் ஒலிம்பிக்கில் ஒரு மனிதரைப் பலி வாங்கியது. டிரெஸ்ஸாஜ் எனப்படும் நடைப் பயிற்சிப் போட்டி ஆல்டர்ஷாட் ராணுவ நகரத்தில் நடந்தது. ஸ்வீடன் அணியில் மூன்று பேர்: குஸ்தாவ் அடோல்ஃப் போல்டன்ஸ்டெர்ன், ஹென்ரி சான் சிர், கெனெல் பெர்சன். முதல் இருவரும் அதிகாரிகள். பெர்சன் அதிகாரி அல்லர், சார்ஜென்ட். ஆனால் ஸ்வீடனில் அவரளவுக்குக் குதிரையின் நடையைச் செதுக்கத் தெரிந்தவர்கள் மிகச் சிலரே. ராணுவம் ஒரு குறுக்கு வழி கண்டது. ஒலிம்பிக்குக்குச் சற்று முன்பாக அவரை லெப்டினன்ட் ஆக்கியது. அணி தங்கம் வென்றது. போட்டி முடிந்த சில வாரங்களில் பெர்சன் மீண்டும் சார்ஜென்ட் ஆனார்.

விஷயம் வெளியே வந்தது. 1949இல் ஸ்வீடனின் அணித் தங்கம் பறிக்கப்பட்டு, இரண்டாம் இடத்தில் இருந்த பிரான்ஸுக்குப் போனது. அந்தப் பிரெஞ்சு அணியில் இருந்த ஒருவரின் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்: ஆந்த்ரே ஜூஸோம். 1932 லாஸ் ஏஞ்சல்ஸிலேயே அணித் தங்கம் வென்ற பழுத்த கை.

ஸ்வீடன் செய்தது விதியை ஏய்க்கும் வேலைதான். அதை நியாயப்படுத்த மாட்டேன். ஆனால் பெர்சனின் சவாரியில் ஒரு குறையும் யாரும் சொல்லவில்லை. குதிரைக்குத் தெரியாத ஒரு பட்டை அவர் தோளில் இல்லை என்பதற்காகத்தான் பதக்கம் போனது. ஊரறிய நடந்த இந்த அவமானத்துக்குப் பிறகு பழைய விதியைக் காப்பாற்ற யாராலும் முடியவில்லை. 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்குக்கு முன் அது தளர்ந்தது. சார்ஜென்ட் வரலாம், சிப்பாய் வரலாம். அதே மூச்சில் இன்னொரு மாற்றமும் வந்தது: டிரெஸ்ஸாஜில் மட்டும் பெண்களும் வரலாம். தடை தாண்டலும் மூன்று நாள் போட்டியும் பெண்களுக்கு ஆபத்து என்று சொல்லி அந்த இரண்டு வாசல்களையும் மூடியே வைத்தார்கள்.

ஹெல்சிங்கிக்கு வந்த பெண்கள் நால்வர். நார்வேயின் எல்ஸே கிறிஸ்டோஃபர்சன், ஜெர்மனியின் ஈடா ஃபான் நாகெல், அமெரிக்காவின் மார்ஜொரி ஹெய்ன்ஸ், டென்மார்க்கின் லிஸ் ஹார்ட்டெல். இவர்களில் லிஸ் ஹார்ட்டெலைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும்.

ஹார்ட்டெல் 1943, 1944 என அடுத்தடுத்த ஆண்டுகளில் டென்மார்க்கின் டிரெஸ்ஸாஜ் சாம்பியன். 1944 செப்டம்பரில் அவரைப் போலியோ தாக்கியது. வயது 23. இரண்டாவது குழந்தையைச் சுமந்துகொண்டிருந்தார். உடல் ஏறக்குறைய முழுவதும் முடங்கியது. குழந்தை நலமாகப் பிறந்தது. தாய்க்கு, ஊன்றுகோலோடு நடக்க முடிந்தாலே பெரிது என்பது மருத்துவர்களின் கணிப்பு. ஹார்ட்டெல் கையைத் தூக்கக் கற்றுக்கொண்டார். பிறகு தவழக் கற்றுக்கொண்டார். பிறகு ஊன்றுகோல். தொடைத் தசைகளுக்குக் கொஞ்சம் உயிர் திரும்பியது. முழங்காலுக்குக் கீழே உணர்வும் அசைவும் கடைசிவரை திரும்பவில்லை. கைகளிலும் பழைய வலு இல்லை. அந்த உடம்போடு சேணத்தில் ஏற்றிவிடச் சொன்னார். 1947இல் ஸ்காண்டிநேவியச் சாம்பியன் போட்டியில் இரண்டாம் இடம் பெற்றார்.

இதன் கனம் புரிய வேண்டுமானால் டிரெஸ்ஸாஜில் என்ன நடக்கிறது என்று தெரிய வேண்டும். 60 மீட்டர் நீளம், 20 மீட்டர் அகலம் உள்ள களம். ஓட்டமும் இல்லை, தாவலும் இல்லை. எழுதி வைத்த வரிசைப்படி குதிரை நடக்க வேண்டும், நிற்க வேண்டும், குறுக்காக நகர வேண்டும், பாய்ச்சல் நடையில் ஒவ்வொரு அடிக்கும் முன்னங்காலை மாற்ற வேண்டும். பியாஃப் என்றொரு நடை உண்டு. நின்ற இடத்தை விட்டு நகராமல், கால்களைக் குறுக்கு ஜோடியாகத் தூக்கித் தூக்கி வைத்துக் குதிரை தாளம் போட வேண்டும். இவ்வளவும் நடக்கும்போது சவாரி செய்பவர் சும்மா உட்கார்ந்திருப்பதுபோலத் தோன்ற வேண்டும். கட்டளைகள் வெளியே தெரிந்தால் புள்ளி குறையும். அந்தக் கட்டளைகளில் பெரும்பாலானவை கெண்டைக்காலிலிருந்து போகின்றன. சேணவாரை ஒட்டி அழுத்தினால் முன்னே போ என்று பொருள். சற்றுப் பின்னே தள்ளி அழுத்தினால் இடுப்பைத் திருப்பு என்று பொருள். கால் அழுத்தம், உட்காரும் எடை, கடிவாளத்தின் பிடி ஆகிய மூன்றும் சேர்ந்ததுதான் அந்த மொழி.

ஹார்ட்டெலுக்குக் கெண்டைக்கால் இல்லாத குறைதான். மூன்றில் முக்கியமான ஒன்று போய்விட்டது. மிச்சமிருந்த இரண்டை வைத்துக்கொண்டு, எடையை இம்மியளவு மாற்றியும் முதுகை நிமிர்த்தியும் தளர்த்தியும் தன் பெட்டைக் குதிரை ஜூபிலியிடம் பேசினார். ஜூபிலியும் அந்தப் புதிய பேச்சைக் கற்றுக்கொண்டது. ஒரு மனிதரின் குறையைத் தன் கவனத்தால் நிரப்பிய அந்தக் குதிரைக்கும் பதக்கத்தில் பாதி உரிமை உண்டு என்பேன்.

ஹெல்சிங்கியில் ஹார்ட்டெலைக் குதிரை மேல் ஏற்றிவிடவும் இறக்கிவிடவும் ஆள் வேண்டியிருந்தது. களத்துக்குள் போன பிறகு யாருடைய உதவியும் வேண்டியிருக்கவில்லை. முடிவுகள் வந்தன. ஸ்வீடனின் சான் சிர் 561 புள்ளிகளோடு தங்கம். லிஸ் ஹார்ட்டெல் 541.5 புள்ளிகளோடு வெள்ளி. மூன்றாவதாக வந்தவர் 541 புள்ளிகள் பெற்றார். அவர்தான் ஆந்த்ரே ஜூஸோம். பழைய விதியின் தயவால் 1949இல் தங்கம் கைக்கு வந்தவர், விதி மாறிய முதல் ஒலிம்பிக்கிலேயே, அறுபதை நெருங்கும் வயதில், ஒரு பெண்ணிடம் அரைப் புள்ளியில் வெள்ளியை இழந்தார். ஜூஸோம் மேல் எந்தக் குற்றமும் இல்லை. அவர் மிகச் சிறந்த வீரர். அப்படிப்பட்டவரை முந்தியதால்தான் அந்த வெள்ளிக்கு இவ்வளவு மதிப்பு. குதிரையேற்றத்தில் ஒரு பெண் வென்ற முதல் தனிநபர் ஒலிம்பிக் பதக்கம் அது. சான் சிர் ஹார்ட்டெலைத் தாங்கிப் பிடித்துப் பதக்க மேடைக்கு ஏற்றிவிட்டார்.

அதே ஹெல்சிங்கியில் அணித் தங்கம் யாருக்கு? போல்டன்ஸ்டெர்ன், சான் சிர், பெர்சன். லண்டனில் செல்லாது என்று தள்ளப்பட்ட அதே மூவர். ஜெர்மனிக்கு வெண்கலம் வாங்கித் தந்த அணியில் ஈடா ஃபான் நாகெலும் இருந்தார்.

நான்கு ஆண்டுகள் கழித்து ஒலிம்பிக் மெல்போர்னுக்குப் போனது. குதிரைகள் போக முடியவில்லை. வெளிநாட்டுக் குதிரை ஆறு மாதம் தனிமையில் வைக்கப்பட வேண்டும் என்ற தன் சட்டத்தை ஆஸ்திரேலியா தளர்த்த மறுத்தது. ஆகவே குதிரையேற்றம் மட்டும் 1956 ஜூன் மாதம் ஸ்டாக்ஹோமில் தனியாக நடந்தது. ஒலிம்பிக் சுடர்கூடக் குதிரை மேல் ஏறித்தான் அரங்குக்குள் வந்தது. மெல்போர்ன் விழா நவம்பரில். இடையில் ஹங்கேரியில் சோவியத் டாங்கிகள் நுழைந்ததைக் கண்டித்து நெதர்லாந்தும் ஸ்பெயினும் சுவிட்சர்லாந்தும் மெல்போர்னைப் புறக்கணித்தன. ஸ்டாக்ஹோமில் கலந்துகொண்டதால் அவை 1956 ஒலிம்பிக்கில் பங்கேற்ற நாடுகளாகவே கணக்கில் நிற்கின்றன.

ஸ்டாக்ஹோமைப் பற்றிப் பேசும் எவரும் ஹல்லா என்ற ஜெர்மானியப் பெட்டைக் குதிரையைச் சொல்லாமல் விடுவதில்லை. தடை தாண்டலின் முதல் சுற்றில் ஹான்ஸ் குந்தர் விங்க்லருக்குத் தொடை இடுக்குத் தசை கிழிந்தது. இரண்டாவது சுற்றில் அவரால் வலியைத் தாங்கி உட்கார்ந்திருக்கத்தான் முடிந்தது. ஹல்லா ஒரு தடையைக்கூடத் தட்டாமல் அவரைச் சுமந்து முடித்தது. தனிநபர் தங்கம், அணித் தங்கம் இரண்டும் கிடைத்தன. புகழ வேண்டிய வீரம்தான். ஆனால் விங்க்லருக்கு ஒரு சுற்றில் நேர்ந்தது ஹார்ட்டெலுக்கு ஒவ்வொரு நாளும் நேர்ந்தது. ஹல்லாவைப் போற்றும் அளவுக்கு ஜூபிலியை யாரும் போற்றவில்லை என்பது எனக்கு வருத்தமே.

அந்த ஸ்டாக்ஹோமில் ஹார்ட்டெல் மீண்டும் வெள்ளி வென்றார். சான் சிர் 860, ஹார்ட்டெல் 850. வெண்கலம் ஜெர்மனியின் லீஸலோட் லின்சென்ஹோஃபுக்கு. மூன்று தனிநபர் பதக்கங்களில் இரண்டு பெண்களிடம். அணிப் பிரிவில் வெள்ளி வாங்கிய ஜெர்மனியின் மூவருமே பெண்கள். நடுவர்கள் தங்கள் நாட்டவருக்குப் புள்ளிகளை அள்ளிக் கொடுத்தார்கள் என்ற புகார் பலமாக எழுந்தது. 1960 ரோமில் டிரெஸ்ஸாஜ் அணிப் போட்டியே நடக்கவில்லை.

ஹெல்சிங்கிக்குப் பிறகு மற்ற வாசல்களும் திறந்தன. தடை தாண்டலில் 1956இலேயே பெண்கள் வந்துவிட்டார்கள். பிரிட்டனின் பாட் ஸ்மைத் அணி வெண்கலம் வென்றார். மூன்று நாள் போட்டியில் முதல் பெண்ணாக அமெரிக்காவின் லானா டுபோன் 1964 டோக்கியோவில் இறங்கி அணி வெள்ளியோடு திரும்பினார். 1972 மியூனிக்கில் லின்சென்ஹோஃப் டிரெஸ்ஸாஜ் தனிநபர் தங்கமே வென்றார். ஹார்ட்டெலின் வெற்றி விளையாட்டுக்கு வெளியேயும் பரவியது. குதிரைச் சவாரியைச் சிகிச்சையாகத் தரும் நிலையங்கள் ஐரோப்பாவில் பெருக அவருடைய கதை உந்துதலாக இருந்தது. 1996 அட்லாண்டாவிலிருந்து பாராலிம்பிக்கில் குதிரையேற்றம் நிலையான இடம் பெற்றிருக்கிறது. ஹார்ட்டெல் 2009இல் மறைந்தார்.

இன்று ஒலிம்பிக்கில் ஆணும் பெண்ணும் ஒரே களத்தில், ஒரே பதக்கத்துக்காக, ஒரே அளவுகோலில் மோதும் விளையாட்டுகள் மிகச் சில. அவற்றில் குதிரையேற்றம் முக்கியமானது. பெண்களை நெடுங்காலம் தள்ளி வைத்த ஒரு விளையாட்டுக்கு இது பெரிய மாற்றம்.

ஆசியாவிலும் அந்தப் பாதையைக் காணலாம். ஆசிய விளையாட்டுப் போட்டியில் குதிரையேற்றம் முதன்முதலாகச் சேர்க்கப்பட்டது 1982 டெல்லியில். இந்தியா அதில் மூன்று தங்கம் வென்றது. மூன்று நாள் போட்டியின் தனிநபர் தங்கத்தை வென்ற ரகுபீர் சிங், இந்தியாவின் குதிரைப் படையான 61ஆவது கேவல்ரியைச் சேர்ந்த ராணுவ வீரர். அடுத்த தங்கத்துக்கு 41 ஆண்டுகள் ஆயின. 2023 செப்டம்பர் 26 அன்று சீனாவின் ஹாங்சோவில் டிரெஸ்ஸாஜ் அணிப் போட்டியில் இந்தியா 209.205 புள்ளிகளோடு முதலிடம் பெற்றது. சுதிப்தி ஹஜேலா, திவ்யகிருதி சிங், ஹ்ரிதய் விபுல் சேடா, அனுஷ் அகர்வாலா என இரண்டு பெண்களும் இரண்டு ஆண்களும் கொண்ட அணி அது. நால்வரில் ஒருவர்கூட ராணுவத்தார் இல்லை.

(தொடரும்)